கேள்வி – பதில்: "மறுபடியும் அவனிடமே போய்விட்டாள்"

பெண்கள் காப்பகம் ஒன்றில் நீண்ட காலம் ஆலோசகராக இருந்து ஓய்வுபெற்றவர் இந்தப் பகுதியில் பதில் அளிக்கிறார். கடிதங்கள் சுருக்கப்பட்டுள்ளன. எழுதியவர்களை அடையாளம் காட்டக்கூடிய விவரங்கள் நீக்கப்பட்டுள்ளன.

அம்மா, என் தங்கையை அவள் கணவன் அடிக்கிறான். இரண்டு முறை கைக்குழந்தையோடு என் வீட்டுக்கு வந்தாள். இரண்டு முறையும் நானே வக்கீலைப் பார்த்தேன், தனி அறை ஒதுக்கினேன், அவளுக்கு ஒரு வேலைகூடப் பேசிவைத்தேன். அவன் போன் செய்ததும் கிளம்பிவிட்டாள். போன மாதம் மூன்றாவது முறையாக வந்தபோது, "இனி அவனிடம் போனால் என் வாசலை மிதிக்காதே" என்று சொல்லிவிட்டேன். மறுபடியும் அவனிடமே போய்விட்டாள். நான் வேறு என்னதான் செய்திருக்க வேண்டும்?

கோபப்பட்டதில் குற்றமில்லை. ஏற்பாடுகளையெல்லாம் செய்துவிட்டுக் காலி அறையைப் பார்த்துக்கொண்டு நிற்பவருக்குக் கோபம் வராவிட்டால்தான் ஆச்சரியம். ஆனால் சொன்ன சொல்லை இந்த வாரமே திரும்ப எடுத்துக்கொள்ளுங்கள். "என்னை விட்டால் உனக்கு யார் இருக்கிறார்கள்?" என்று அவன் அவளிடம் ஓதாத நாள் இருக்காது. அதற்கு ஒரு சாட்சி இல்லாமல் இருந்தது. இப்போது உங்கள் வாயாலேயே கிடைத்துவிட்டது.

எப்படித் திரும்ப எடுப்பது என்பதிலும் கவனம் தேவை. எழுதி அனுப்பாதீர்கள். அவளுடைய போனை அவன் பார்க்கிறான் என்றே வைத்துக்கொள்ளுங்கள். "அடித்தானா?" என்று அக்கறையோடு நீங்கள் அனுப்பும் ஒரு சொல்லுக்கு அன்றிரவு அவள் பதில் சொல்ல வேண்டியிருக்கும். அவன் வெளியே போயிருக்கும் நேரத்தில் கூப்பிடுங்கள். எடுத்ததும், "இப்போது பேச முடியுமா, பிறகு கூப்பிடட்டுமா?" என்று மட்டும் கேளுங்கள். பேச முடியும் என்றால், "அன்றைக்குச் சொன்னதை மறந்துவிடு. எந்த நேரமானாலும் வா, ஏன் எதற்கு என்று கேட்க மாட்டேன்" என்று சொல்லுங்கள். அவ்வளவு போதும். அறிவுரை இன்னொரு நாளைக்கு இருக்கட்டும்.

"ஏன் திரும்பிப் போனாய்?" என்று ஊரே கேட்கும். காப்பகத்தில் நாங்கள் அப்படிக் கேட்பதில்லை. "அங்கே போனால் எது நின்றுவிடும் என்று நினைத்தீர்கள்?" என்று கேட்போம். பதில்கள் மளமளவென்று வரும். பிள்ளையைத் தூக்கிக்கொண்டு போய்விடுவேன் என்கிறான், அது நிற்கும். அக்கா வீட்டு வாசலில் வந்து கத்துகிறான், அது நிற்கும். செத்துவிடுவேன் என்று போனில் அழுகிறான், அது நிற்கும். ஒரு பெண்மணி சொன்னார்: "அந்த வீட்டில் இருந்தால் அவர் எந்த அறையில் இருக்கிறார் என்றாவது தெரியும். இங்கே இருந்தால் எந்தத் தெருமுனையில் நிற்கிறார் என்று தெரியவில்லை." படித்துவிட்டு வேலைக்குச் சேர்ந்த எனக்கு எந்தப் பாடநூலும் இவ்வளவு தெளிவாகச் சொன்னதில்லை.

அவர் போட்ட கணக்கு சரியானது. ஒரு பெண் பிரியப்போகும் நேரமும், பிரிந்த பின் வரும் முதல் சில மாதங்களும்தான் அவள் உயிருக்கு மிக ஆபத்தான காலம் என்பதைப் பல நாடுகளின் கொலை வழக்குகளை ஆராய்ந்தவர்கள் திரும்பத் திரும்பக் கண்டிருக்கிறார்கள். ஐக்கிய நாடுகள் அமைப்பின் மதிப்பீட்டில், 2023-ஆம் ஆண்டில் மட்டும் உலகெங்கும் சுமார் 51,100 பெண்களும் சிறுமிகளும் துணைவராலோ குடும்பத்தினராலோ கொல்லப்பட்டார்கள். ஒரு நாளைக்கு 140 பேர். ஆகவே "உடனே கிளம்பி வா" என்று அவசரப்படுத்துவதற்கு முன் இதையும் நினைவில் வையுங்கள். கிளம்புவதற்கு முன்னேற்பாடு வேண்டும்.

இன்னொரு காரணமும் உண்டு. சொல்ல எல்லோருக்கும் கூச்சம். அவள் அவனை நேசிக்கலாம். அமெரிக்க உளவியலாளர் லெனோர் வாக்கர், அடிபட்ட பெண்கள் பலரிடம் பேசிவிட்டு, 1979-இல் இதை ஒரு சுழற்சியாக விவரித்தார். முதலில் வீட்டில் இறுக்கம் ஏறிக்கொண்டே போகும், பிறகு அடி விழும், அதன் பிறகு மன்னிப்பும் கண்ணீரும் அன்பளிப்புமாக ஒரு காலம் வரும். அந்த மூன்றாவது கட்டத்தில் இருக்கும் மனிதனைத்தான் அவள் கல்யாணம் செய்துகொண்டாள். அவன் மட்டும் நிலைத்துவிட மாட்டானா என்று காத்திருக்கிறாள். (எல்லா வீட்டுக்கும் இது பொருந்தாது. மன்னிப்பே கேட்காதவர்களும் இருக்கிறார்கள். நாளாக ஆக, மன்னிப்புக் காலம் சுருங்கிக் காணாமல் போவதும் உண்டு.)

இப்போது கொஞ்சம் கசப்பானதைச் சொல்கிறேன், பொறுத்துக்கொள்ளுங்கள். வக்கீலைப் பார்த்தது நீங்கள், அறையை ஒதுக்கியது நீங்கள், வேலை பேசியதும் நீங்கள். உங்கள் கடிதத்தில் தங்கை செய்ததாக இருப்பது வந்ததும் போனதும்தான். அவள் வீட்டில் எல்லாவற்றையும் அவன் முடிவு செய்கிறான். உங்கள் வீட்டில், அன்பினால்தான் என்றாலும், நீங்கள் முடிவு செய்கிறீர்கள். அடுத்த முறை வந்தால், "இன்றைக்கு என்ன செய்யலாம் என்று நினைக்கிறாய்?" என்று கேளுங்கள். தெரியவில்லை என்பாள். இருக்கட்டும். எந்த அறையில் படுப்பது, யாரிடம் சொல்வது, யாரிடம் சொல்லாமல் இருப்பது, வக்கீலை இந்த வாரம் பார்ப்பதா அடுத்த மாதம் பார்ப்பதா என்று ஒவ்வொன்றாக அவள் கையில் கொடுங்கள். முடிவெடுக்கும் பழக்கமே விட்டுப்போனவளுக்கு அது திரும்பி வர நாளாகும்.

அவள் அங்கே இருக்கும்போதே நீங்கள் செய்யக்கூடியவை நிறைய இருக்கின்றன. அடையாள அட்டை, பிறப்புச் சான்றிதழ், வங்கிக் கணக்குத் தாள்கள், குழந்தையின் மருத்துவச் சீட்டுகள் ஆகியவற்றின் பிரதிகள் உங்களிடம் இருக்கட்டும். கொஞ்சம் பணம், மாற்றுச் சாவி, இரண்டு நாள் உடைகள், அவள் அன்றாடம் சாப்பிடும் மருந்துகள் இவையெல்லாம் அவன் கைக்கு எட்டாத இடத்தில் இருக்க வேண்டும். உங்கள் இருவருக்கும் மட்டும் தெரிந்த ஒரு சாதாரண வாக்கியத்தைப் பேசிவைத்துக்கொள்ளுங்கள். போனில் அதைச் சொன்னால் போலீஸை அழைக்க வேண்டும் என்று பொருள். சண்டை மூளும்போது சமையலறைக்கோ குளியலறைக்கோ போக வேண்டாம் என்று சொல்லுங்கள். ஒன்றில் கத்தி இருக்கிறது, மற்றொன்றில் வெளியேற வழி இல்லை. காயம் பட்டால் படம் எடுத்துத் தேதியோடு உங்களிடம் சேர்க்கட்டும், தன் போனில் வைத்திருக்க வேண்டாம். உதவி எண்களைத் தேடுவதற்கும் வேறொருவர் போன்தான் நல்லது. தேடிய தடயங்களை மொத்தமாக அழித்தாலும் சந்தேகம் வரும்.

ஒன்றை மட்டும் தவறாமல் கேளுங்கள்: அவன் எப்போதாவது அவள் கழுத்தைப் பிடித்து நெரித்திருக்கிறானா? அமெரிக்காவில் 2008-இல் வெளியான ஓர் ஆய்வின்படி, முன்பு கழுத்து நெரிக்கப்பட்ட பெண் பின்னாளில் அதே ஆளால் கொல்லப்படும் அபாயம் ஏழு மடங்குக்கும் அதிகம். வெளியே ஒரு கீறல்கூட இல்லாமல் உள்ளே இரத்தக்குழாய் கிழிந்திருக்கலாம், சில நாள் கழித்துப் பக்கவாதம் வரலாம். குரல் கம்மியது, விழுங்க வலிக்கிறது, கண்ணில் சிவப்புப் புள்ளி இருக்கிறது, நினைவு தப்பியது என்று எதைச் சொன்னாலும் அன்றே மருத்துவமனைக்குப் போக வேண்டும். "கழுத்தை நெரித்தான்" என்று டாக்டரிடம் வாய்விட்டுச் சொல்ல வேண்டும். இதற்குப் பதில் "ஆம்" என்று வந்தால், நான் மேலே சொன்ன நிதானத்தைக் கொஞ்சம் குறைத்துக்கொண்டு, இந்த வேலை தெரிந்த காப்பகத்தையோ உதவி மையத்தையோ அவளோடு சேர்ந்து உடனே அணுகுங்கள்.

என் கணவர் இதுவரை என்மீது கை வைத்ததில்லை. ஆனால் என் சம்பளம் அவர் கணக்குக்குப் போகிறது. எங்கே போனாலும் இருக்கும் இடத்தைப் படம் எடுத்து அனுப்ப வேண்டும். என் தோழிகள் ஒவ்வொருவராக விலகிவிட்டார்கள். இதை வன்முறை என்று சொன்னால் உண்மையில் அடிவாங்குகிறவர்களை அவமதிப்பது ஆகாதா?

ஆகாது. உங்கள் கடிதத்தைப் படித்தபோது, 1984-இல் அமெரிக்காவின் டுலூத் நகரில் வரையப்பட்ட ஒரு சக்கரம்தான் நினைவுக்கு வந்தது. வன்முறைக்கு ஆளான பெண்கள் தாங்கள் கூடிப் பேசிய குழுக்களில், வீட்டில் என்னவெல்லாம் நடக்கிறது என்று சொன்னதை வைத்து வரைந்த படம் அது. மிரட்டல், இழிவுபடுத்தல், தனிமைப்படுத்தல், பணத்தைப் பிடித்துவைத்தல், பிள்ளைகளைப் பகடைக்காயாக்குதல், "அப்படி ஒன்றும் நடக்கவில்லை, நீதான் பெரிதுபடுத்துகிறாய்" என்று மறுத்தல் போன்றவை அதன் ஆரங்கள். நடுவில் எழுதியிருப்பது அதிகாரமும் கட்டுப்பாடும். அடி வெளிவட்டத்தில் இருக்கிறது. ஆரங்களே போதுமானவையாக இருக்கும் வீட்டில் அடிக்க வேண்டிய தேவையே வராமல் போகலாம். எவன் ஸ்டார்க் என்ற அமெரிக்க ஆய்வாளர் 2007-இல் இதை ஒரு விடுதலைப் பறிப்பாகப் பார்க்க வேண்டும் என்று விரிவாக எழுதினார். இங்கிலாந்தும் வேல்சும் 2015-இல் சட்டம் இயற்றி, இப்படித் தொடர்ந்து கட்டுப்படுத்துவதை ஐந்து ஆண்டுகள் வரை சிறை விதிக்கக்கூடிய குற்றமாக்கின.

எல்லா நாட்டிலும் அந்தச் சட்டம் இல்லை. ஆகவே பெயரைப் பற்றிய கவலையை விட்டுவிட்டு ஒரு சின்ன விஷயத்தைக் கவனித்துப் பாருங்கள். இருக்கும் இடத்தைப் படம் எடுத்து அனுப்ப ஒருநாள் மறந்துவிட்டால் என்ன ஆகும்? "சரி, விடு" என்று முடிந்துவிடுமா? அல்லது அந்த நினைப்பே உங்கள் வயிற்றைப் பிசைகிறதா? பிசைகிறது என்றால் நீங்கள் எனக்கு எழுதியது சரிதான். சோதித்துப் பார்ப்பதற்காக வேண்டுமென்றே மறக்க வேண்டாம். விலகிப்போன தோழிகளில் ஒருத்தியிடம் முதலில் பேசுங்கள். பெரும்பாலும் அவள் உங்கள் மீது கோபமாக இருக்க மாட்டாள், என்ன நடக்கிறது என்று புரியாமல் இருப்பாள்.

பெண்களும்தான் ஆண்களை அடிக்கிறார்கள். அதைப் பற்றி ஏன் எழுதுவதே இல்லை?

அடிக்கிறார்கள். அப்படி அடிவாங்கும் ஆண் எனக்கு எழுதினால் மேலே உள்ள அக்காவுக்குச் சொன்னதையெல்லாம் அவருக்கும் சொல்வேன். ஆனால் இதே கேள்வியை அனுப்பும் ஆண்களில் ஒருவர்கூட இதுவரை தான் அடிவாங்குவதாக எழுதவில்லை. உலக சுகாதார நிறுவனம் 2021-இல் வெளியிட்ட மதிப்பீட்டில், 15 முதல் 49 வயதுக்குள் துணையோடு வாழ்ந்த பெண்களில் நான்கில் ஒருவருக்கும் அதிகமானோர் அந்தத் துணையால் உடல் அல்லது பாலியல் வன்முறைக்கு ஆளானவர்கள். தபாலில் வரும் கடிதங்களும் அப்படித்தான் இருக்கின்றன.

என் நெருங்கிய நண்பர், பதினைந்து ஆண்டுப் பழக்கம். தங்கமான மனிதர். சமீபத்தில் அவர் மனைவியின் முகத்தில் வீக்கத்தைப் பார்த்தேன். கேட்டபோது அழுதுவிட்டார். "குடித்துவிட்டால், கோபம் வந்துவிட்டால் என்னைக் கட்டுப்படுத்த முடியவில்லை" என்றார். கோபத்தை அடக்கும் பயிற்சிக்கு அனுப்பலாமா? இருவரையும் உட்காரவைத்து நான் பேசலாமா?

தம்பி, பதினைந்து ஆண்டில் அவர் உங்களோடு சேர்ந்து குடித்திருப்பார், உங்கள் மீது கோபமும் பட்டிருப்பார். எத்தனை முறை அடித்தார்? மேலதிகாரியின் போன் வந்தால் அந்தப் போதையிலும் குரல் மாறுகிறதா இல்லையா? கட்டுப்பாடு அவரிடம் நன்றாகவே இருக்கிறது. யாரிடம் அதைக் காட்ட வேண்டும், யாரிடம் தேவையில்லை என்பதும் தெரிந்திருக்கிறது. குடி அடியை மோசமாக்கும், அடிக்கடி விழச் செய்யும், அதை மறுக்கவில்லை. குடிக்குச் சிகிச்சை எடுக்கட்டும். ஆனால் குடியை நிறுத்திவிட்டுத் தெளிந்த கண்ணோடு அடித்தவர்களின் மனைவிமார்களையும் நான் பார்த்திருக்கிறேன்.

கோபத்தை அடக்கும் பயிற்சி இதற்கு ஏற்றதல்ல. மனைவியை அடிக்கும் ஆண்களுக்கென்றே தனியாக நடத்தப்படும் குழுப் பயிற்சிகள் பல நாடுகளில் இருக்கின்றன. மாதக்கணக்கில் நடக்கும். நல்ல பயிற்சியில் மனைவியிடமும் தனியே பேசி, உண்மையில் நின்றிருக்கிறதா என்று கேட்பார்கள். பலன் ஆளுக்கு ஆள் மாறுபடும். அவர் சேர்ந்துவிட்டார் என்பதற்காக அவர் மனைவி நிம்மதியாக இருக்கலாம் என்று யாரும் உறுதி சொல்லிவிடக் கூடாது.

இருவரையும் உட்காரவைக்கவே வைக்காதீர்கள். உங்கள் முன்னால் அந்தப் பெண் உண்மையைச் சொன்னால், நீங்கள் எழுந்து போன பிறகு அதற்கு விலை கொடுப்பவர் அவர்தான். சொல்லாவிட்டால், "பார்த்தாயா, அவளே ஒன்றும் சொல்லவில்லை" என்று ஆகிவிடும். ஒருவரைக் கண்டு மற்றவர் பயப்படும் வீட்டில் சமரசப் பேச்சுக்கு இடமில்லை.

நீங்கள் செய்யக்கூடியது உங்கள் நண்பரிடம் தனியாக, குடிக்காத நேரத்தில் பேசுவது. அவர் தன் வாயால் ஒப்புக்கொண்டதை மட்டும் எடுத்துப் பேசுங்கள். "அவர் சொன்னார், இவர் சொன்னார்" என்று எதையும் கொண்டுபோகாதீர்கள், பழி மனைவி மேல் விழும். "நீ அடித்தாய் என்று சொன்னாய். அது குற்றம். இதற்குமேல் உன்னோடு சேர்ந்து குடிக்க என்னால் முடியாது. உதவி தேடுகிறாய் என்றால் கூட வருகிறேன்" என்று சொல்லுங்கள். அவர் அழுதால் அழட்டும், தோளில் தட்டி ஆறுதல் சொல்லும் அவசரம் உங்களுக்கு வேண்டாம். நட்பு போய்விடுமோ என்று பயமாக இருக்கும், போகவும் கூடும்.

நான் நர்ஸ். கை முறிவோடு ஒரு பெண் வந்தார். "மாடிப்படியில் விழுந்துவிட்டாள்" என்று கூட வந்த கணவரே எல்லாவற்றுக்கும் பதில் சொன்னார். அந்தப் பெண் என்னை ஒருமுறைகூட நிமிர்ந்து பார்க்கவில்லை. நான் என்ன செய்திருக்க வேண்டும்?

முதலில் அவரைத் தனியாக்க வேண்டும், அதுவும் கணவருக்குச் சந்தேகம் வராத வழியில். எக்ஸ்ரே அறைக்குள் நோயாளி மட்டுமே வரலாம், சிறுநீர் மாதிரி கொடுக்க வேண்டும் என்று உங்கள் வேலையிலேயே நல்ல சாக்குகள் இருக்கின்றன. தனியானதும் சுற்றி வளைக்காமல் கேளுங்கள்: "இப்படிப்பட்ட காயத்தோடு வருகிறவர்களில் சிலரை வீட்டில் யாராவது அடித்திருப்பார்கள். உங்களுக்கு அப்படி நடக்கிறதா?" இல்லை என்றால் வற்புறுத்தாதீர்கள். "எப்போது வேண்டுமானாலும் வந்து என்னிடம் சொல்லலாம்" என்பதோடு நிறுத்துங்கள். கேட்டார்கள் என்பதையே பல பெண்கள் ஆண்டுக்கணக்கில் நினைவில் வைத்திருந்து பிறகு வருகிறார்கள். மொழி தெரியாதவர் என்றால் கணவரையோ பிள்ளையையோ உறவினரையோ மொழிபெயர்க்க வைக்காதீர்கள்.

ஆம் என்று சொன்னால், உலக சுகாதார நிறுவனம் 2014-இல் மருத்துவப் பணியாளர்களுக்காக வெளியிட்ட கையேடு சொல்வதைச் செய்தால் போதும். குறுக்கிடாமல் கேளுங்கள். இப்போதைக்கு என்ன தேவை என்று விசாரியுங்கள். நம்புகிறேன், உங்கள் மீது தவறில்லை என்று சொல்லுங்கள். இன்று வீட்டுக்குப் போவது பாதுகாப்பா என்று கேட்டு அதற்கேற்பத் திட்டமிடுங்கள். அடுத்த உதவியோடு இணைத்துவிடுங்கள். மருத்துவக் குறிப்பில் "விழுந்ததாகச் சொல்கிறார்" என்று மழுப்பாமல், அவர் சம்மதித்தால் அவர் சொன்ன சொற்களையே எழுதிவையுங்கள், நாளை நீதிமன்றத்தில் அது பேசும். உதவி எண் அச்சிட்ட தாளைக் கைப்பையில் திணித்து அனுப்பாதீர்கள். அந்தப் பையை வீட்டில் வேறொருவர் திறப்பார்.

பிரிந்து வந்து மூன்று ஆண்டுகள் ஆகின்றன. வேலை இருக்கிறது, பிள்ளைகள் நன்றாகப் படிக்கிறார்கள். ஆனால் பக்கத்து வீட்டுக் கதவில் சாவி திரும்பும் சத்தம் கேட்டாலே கை நடுங்குகிறது. இதைவிட வெட்கமான விஷயம், சில நாட்கள் அவரை நினைத்து ஏங்குகிறேன். எனக்கு என்ன கோளாறு?

கோளாறு இல்லை. சாவிச் சத்தம் கேட்ட அடுத்த நிமிடம் என்ன நடக்கும் என்று ஆண்டுக்கணக்கில் உங்கள் உடம்பு படித்துவைத்திருக்கிறது. அந்தப் படிப்பு அன்று உங்களைக் காப்பாற்றியது. ஆபத்து நீங்கிய செய்தி மூளைக்குத் தெரிந்த வேகத்தில் கைகளுக்குத் தெரிவதில்லை. மூன்று ஆண்டுக்குப் பிறகும் இப்படித் திடுக்கிட்டு, தூக்கமும் கெடுகிறது என்றால், அதற்கென்று பயிற்சி பெற்ற சிகிச்சையாளர்கள் இருக்கிறார்கள். பேரதிர்ச்சிக்குப் பிந்தைய மனநலச் சிக்கலுக்கு உரிய உளவியல் சிகிச்சை நல்ல பலன் தருகிறது என்பது நிறுவப்பட்ட ஒன்று. முதல் சந்திப்பிலேயே, வன்முறைக்கு ஆளான பெண்களோடு வேலை செய்த அனுபவம் உண்டா என்று தயங்காமல் கேளுங்கள். "நடந்ததை மறந்துவிடுங்கள்" என்று சொல்பவராக இருந்தால் வேறொருவரைப் பாருங்கள்.

ஏக்கத்தைப் பற்றி வெட்கப்படுவதற்கு எதுவும் இல்லை. நீங்கள் இழந்ததில் நல்ல நாட்களும் இருந்தன. அவற்றுக்காக அழலாம். அழுவதால் நீங்கள் எடுத்த முடிவு தவறாகிவிடாது. அந்த நாட்களில் அவருக்குப் போன் செய்யும் எண்ணம் வந்தால், பேச வேறொருவரை முன்கூட்டியே ஏற்பாடு செய்துவையுங்கள். பிள்ளைகளைப் பார்க்க அவர் வரும் நாட்கள் என்றால், ஒப்படைப்பது மூன்றாவது ஒருவர் மூலமாகவோ பொது இடத்திலோ நடக்கட்டும். பிரிந்த பிறகும் பிள்ளைகள் வழியாகவும் வழக்குகள் வழியாகவும் பிடியைத் தொடர முயல்கிறவர்கள் அநேகம். அவர் அனுப்பும் செய்திகளை அழிக்காமல் ஒரு கோப்பில் சேர்த்துக்கொண்டே வாருங்கள், படிக்கும் வேலையை நம்பகமான ஒருவரிடம் விட்டுவிடலாம்.

வாசகர்களுக்கு: தனிப்பட்ட பதில் வேண்டும் என்று கேட்பவர்கள், எந்த முகவரிக்கு, எந்தப் பெயரில் அனுப்பினால் மற்றவர் கண்ணில் படாது என்பதையும் சேர்த்து எழுதுங்கள். அது இல்லாத கடிதங்களுக்கு வீட்டு முகவரிக்குப் பதில் அனுப்புவதில்லை. பெயரில்லாமல் இந்தப் பக்கத்திலேயே எழுதுகிறேன். உயிருக்கு ஆபத்து என்ற நிலையில் இருப்பவர்கள் எனக்கு எழுதிக் காத்திருக்க வேண்டாம், உங்கள் நாட்டின் அவசர உதவி எண்ணை அழையுங்கள்.